எழுபத்தோராவது பெயர்

செப்டம்பர் 12, வியாழன்

இந்த டைரி அவருடையது. மில் சங்கத்தில் வருஷா வருஷம் கொடுப்பார்கள். ஜனவரியில் ஆறேழு பக்கம் எழுதியிருக்கிறார். கோர்ட் வாய்தா தேதி, மூட்டுவலி மாத்திரையின் பெயர், ஒரு பக்கத்தில் 'மழை' என்று மட்டும். அதற்கப்புறம் எல்லாம் வெள்ளை. அங்கன்வாடிப் பிள்ளைகள் கிறுக்கட்டும் என்று கிழிப்பதற்குத்தான் எடுத்தேன். கிழிக்க வரவில்லை. நானே எழுதுகிறேன்.

அவர் போய் இன்றோடு பத்து நாள். மகள் மலர் நேற்று திருப்பூருக்குப் பஸ் ஏறிவிட்டாள். பனியன் கம்பெனியில் ஒரு வாரத்துக்கு மேல் லீவு கிடையாதாம். பதினாறாம் நாளுக்கு வருகிறேன் என்றாள்.

ஒன்பது வருஷமாக நானும் அவரும் பேசிக்கொண்டதில்லை. அதனால் வீடு அமைதியாக இருப்பது எனக்குப் பழக்கம் என்று நினைத்திருந்தேன். அப்படியில்லை. பேசாத மனிதருக்கும் இருமல் உண்டு. காலை இழுத்து நடக்கும் சத்தம் உண்டு. சோறு போட்டு மூடி வைத்துவிட்டு நான் பின்கட்டுக்குப் போனதும் தட்டைத் திறக்கும் சத்தம் உண்டு. இப்போது தட்டை நான் மூடினால் மூடினபடி இருக்கிறது.

அன்று காலை நான் வீட்டில் இல்லை. வெளியே ஒரு வேலை. ஒரு மணிக்குத் திரும்பி வந்தபோது அடுப்படி வாசலில் கிடந்தார். பத்து, பத்தரைக்கே உயிர் போயிருக்கும் என்றார் டாக்டர்.

செப்டம்பர் 13, வெள்ளி

வேலைக்குப் போனேன். பிள்ளைகள் பதினாறு. சத்துமாவு மூட்டை வந்து இறங்கியது. எடை பார்க்கும் நாள் தள்ளிப்போனதால் எல்லாரையும் இன்றே நிறுத்தேன். சாயந்திரம் ஒருத்தரிடமும் பேசவில்லை.

செப்டம்பர் 15, ஞாயிறு

ஜெயக்கொடி வந்தான். எங்கள் வார்டுக்குக் கட்சிச் செயலாளர். இதே தெருக்காரன், சின்ன வயதிலிருந்து என்னை அக்கா என்றே கூப்பிடுகிறவன். துக்கம் விசாரிக்க வந்தவன் மாதிரித் தலையைக் குனிந்து உட்கார்ந்தான். பிறகு பையிலிருந்து ஒரு படிவத்தை எடுத்தான்.

"அக்கா, மச்சான் இறந்தது காலைல பத்தரை மணிதான?"

"அப்படித்தான் டாக்டர் சொன்னாரு. எதுக்குக் கேக்குற?"

"தலைவர கைது பண்ணுனது அன்னைக்குக் காலைல ஆறு மணி. டிவில ஏழு மணிக்குக் காட்டிட்டான். ஆஸ்பத்திரிச் சீட்டுல என்னன்னு எழுதியிருக்கு?"

"நெஞ்சுவலின்னு."

"அதான்க்கா." அவன் குரலில் சந்தோஷம் இருந்தது, மறைக்கப் பார்த்தான். "கைதுச் செய்தியக் கேட்ட அதிர்ச்சில நெஞ்சடைச்சுப் போயிட்டாக."

எனக்குக் கொஞ்ச நேரம் விளங்கவில்லை. விளங்கியதும் சிரித்துவிட்டேன். பதிமூன்று நாளில் அதுதான் முதல் சிரிப்பு.

"யாரு? அவரா? ஏலே, ஒங்க தலைவர் பேரு காதுல விழுந்தாலே சோத்த விட்டு எந்திரிச்சுப் போறவருடா."

"அது நம்ம தெருவுக்குத் தெரியும். பேப்பருக்குத் தெரியாதுல்ல. நம்ம மாவட்டத்துல மட்டும் அதிர்ச்சில செத்தவுக எழுபது பேரு ஆயிருச்சு. இந்த வார்டுல ஒருத்தர்கூட இல்லையான்னு மாவட்டச் செயலாளர் கேக்குறாரு. நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு இல்லன்னு சொல்ல?"

"அதுக்குச் செத்தவரக் கேவலப்படுத்தச் சொல்றியா?"

"கேவலமா? தியாகிங்கப் போறோம். குடும்பத்துக்கு ரெண்டு லட்சம், ஒரு ஆளுக்கு வேல. மலரு அங்க அந்தக் குடிகாரனோட சீப்படுறாளே, இங்க வந்துரட்டுமேக்கா. மாவட்டத்தோட ஜவுளிக்கடைல உக்கார வச்சிரலாம்."

அவன் படிவத்தில் 'மனைவி பெயர்: ராமுத்தாய்' என்று எழுதிக்கொண்டே சொன்னான்: "ஒன் வீட்டு ஆளுன்னா யாரும் கேள்வி கேக்க மாட்டாகக்கா. அன்னைக்கு நடந்த மறியல்ல மொத வரிசைல உக்காந்து அழுதது நீதான? போட்டோவே இருக்கு."

கையெழுத்துப் போடும் இடத்தை மட்டும் காலியாக விட்டு, படிவத்தை வைத்துவிட்டுப் போனான்.

வியாழக்கிழமை 'வெளியே ஒரு வேலை' என்று எழுதியிருக்கிறேன். வேலை இல்லை. லீவு போட்டுவிட்டு மறியலுக்குப் போனேன்.

செப்டம்பர் 16, திங்கள்

ஜெயக்கொடி தலைவர் என்கிற அண்ணன் எனக்கு யார் என்பதை ஒரு தடவை எழுதிப் பார்க்கிறேன்.

கூடப்பிறந்த ஆண்பிள்ளை எனக்குக் கிடையாது. கல்யாணமாகி வந்த புதிதில் சாயந்திரம் வானொலியில் உழவர் நிகழ்ச்சி கேட்பேன். எங்களுக்கு ஒரு குழி நிலம்கூட இல்லை, இருந்தாலும் கேட்பேன். அதில் பேசியவர் இளவழுதி. விதைநேர்த்தி, கோழிச்சீக்கு என்று சொல்லிக்கொண்டே வருவார், திடீரென்று "தங்கச்சி, பேச்சைக் கேட்டுக்கிட்டு அடுப்பை மறந்துராத" என்பார். நான் திரும்பி அடுப்பைப் பார்ப்பேன். ஊரில் எத்தனை பெண்கள் அப்படித் திரும்பிப் பார்த்தார்களோ. பிறகு அவர் கட்சி ஆரம்பித்தார். முதல்முறை நின்றபோதே முதலமைச்சர் ஆனார். அந்தப் பெண்களெல்லாம் போட்ட ஓட்டுதான்.

அவர் கொண்டுவந்தது தாய்மாமன் சீர்த் திட்டம். ஏழை வீட்டுப் பெண் பெரியவளானால் அரசாங்கத்திலிருந்து சீர்த்தட்டு வரும். பட்டுப்பாவாடை, வளையல், மஞ்சள், குங்குமம், நடுவில் அண்ணன் படம். மலர் உட்கார்ந்தபோது எங்கள் வீட்டுக்கும் வந்தது. தாசில்தார் ஆபீஸ் ஜீப் தெருமுனையில் நின்றது, மேளம் அடித்துக்கொண்டு தட்டைத் தூக்கி வந்தார்கள். அண்ணன் தம்பி இல்லாதவள் என்று என்னைக் குத்திக் காட்டிய நாத்தனார்கள் எல்லாம் எழுந்து நின்று பார்த்தார்கள்.

அதே வருஷம்தான் மில்லில் ஸ்ட்ரைக். அண்ணன் ஆட்சிப் போலீஸ் அடித்ததில் என் வீட்டுக்காரருக்கு வலது முழங்கால் போயிற்று. பத்தொன்பது நாள் ஜெயில். மில்லையும் மூடிவிட்டார்கள். தட்டு வந்தபோது அவர் ஜாமீனில் வந்து பதினைந்து நாள்கூட ஆகவில்லை.

தட்டைப் பார்த்தார். "எங்கால ஒடச்சவன் எம்பொண்ணுக்குப் பாவாட அனுப்புறானா?" என்றார். தூக்கித் தெருவில் வீசினார். வளையல் நொறுங்கியது. மலர் மணையில் உட்கார்ந்து கத்தி அழுதாள்.

நான் பேசாமல் இருந்திருக்கலாம். சொந்தம் பந்தம் எல்லாம் நிற்கும்போது சொன்னேன்: "வாங்கிக் குடுக்க வக்கில்ல. வந்தத வீசமட்டும் கை நீளுதோ?"

அதோடு அவர் என்னிடம் பேசுவதை நிறுத்தினார். நானும் நிறுத்தினேன். "மலரு, அம்மாட்டச் சொல்லு." "மலரு, அப்பாவக் கேளு." அவளுக்குக் கல்யாணமாகிப் போனபிறகு அந்தப் பேச்சும் இல்லை.

செப்டம்பர் 18, புதன்

பதினாறாம் நாள். அவருக்குச் சடங்கில் நம்பிக்கை கிடையாது. நான் செய்தேன். இருபது பேர் சாப்பிட்டார்கள்.

எல்லாரும் போனபிறகு மலர் அலமாரியில் அந்தப் படிவத்தைப் பார்த்துவிட்டாள்.

"ஜெயக்கொடி மாமா எனக்கும் போன் பண்ணுனாரும்மா. ஏன் கையெழுத்துப் போடாம வச்சிருக்க?"

"அப்பா சம்மதிப்பாரா மலரு?"

"அப்பா இருந்தாத்தான சம்மதிக்கணும்?" என்றாள். சொல்லிவிட்டு அவளே அழுதாள். பிறகு ஜாக்கெட் கையை மேலே ஏற்றிக் காட்டினாள். முழங்கைக்கு மேலே ரத்தங்கட்டி நீலமாக இருந்தது. மூன்று விரல் அகலம். "போன வாரம் இங்கருந்து பணம் வாங்கிட்டு வரலன்னு அடிச்சான். நான் இங்க வந்துறேம்மா. ஒரு வேல மட்டும் இருந்தாப் போதும். அப்பா தட்டத் தூக்கி எறிஞ்சாரு, நீ திருப்பிப் பேசுன, ரெண்டு பேரும் ஒம்பது வருசம் என்னைய நடுவுல வச்சுக்கிட்டீங்க. எனக்குன்னு ஒண்ணு இந்த வீட்ல எவராவது செஞ்சீங்களா?"

கையெழுத்துப் போட்டேன்.

செப்டம்பர் 22, ஞாயிறு

தோழர் சூசை வந்தார். மில் சங்கத் தலைவர், அறுபது வயது தாண்டியவர். ஸ்ட்ரைக்கில் அவரும் இவரும் ஒரே விலங்கில் கோர்ட்டுக்குப் போனவர்கள். காபி வேண்டாம் என்றார்.

"தங்கச்சி, கட்சிப் பத்திரிகைல லிஸ்ட் வந்திருக்கு. எழுபத்தோராவது பேரு குருசாமி. தப்பா அச்சடிச்சுட்டானோன்னு கேக்க வந்தேன்."

நான் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"சரி, தப்பில்ல" என்றார். கோபப்பட்டிருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும். "வர்ற மாசம் சங்கத்துல அவனுக்கு இரங்கல் கூட்டம் வைக்கிறதாப் பேசியிருந்தோம். இப்ப ரெண்டு மூணு பேரு வேண்டாங்காங்க. 'அவரு அந்தக் கட்சித் தியாகி, அவங்க வைக்கட்டும்'னு சொல்றாங்க. நான் என்னன்னு சொல்லட்டும்?"

"பொண்ணுக்காகண்ணே."

"தெரியும். அவனும் பொண்ணுக்காகன்னாச் செஞ்சிருப்பானோ என்னமோ." எழுந்தார். வாசல் வரைக்கும் போய்த் திரும்பி, "அன்னைக்குக் காலைல அவன் எனக்கு போன் பண்ணுனான். நான் குளிச்சுக்கிட்டிருந்தேன், எடுக்கல. அதையே நெனச்சுக்கிட்டிருக்கேன். ஒங்கிட்ட ஏதும் சொன்னானா?" என்றார்.

"எங்கிட்ட அவரு பேசுறதில்லையே" என்றேன்.

செப்டம்பர் 23, திங்கள்

பிள்ளைகள் பதினெட்டு. முட்டை பதினைந்துதான் வந்தது. மூன்றைப் பாதியாக நறுக்கி ஆறாக்கிக் கொடுத்தேன்.

செப்டம்பர் 27, வெள்ளி

அண்ணனுக்கு ஜாமீன். தெரு முழுக்க வெடி. ஜெயக்கொடி வீடு வீடாக லட்டு கொடுத்தான். ஜெயில் வாசலில் அவர் பேசியதை டிவியில் காட்டினார்கள். "என்னை உள்ளே வைத்த இருபத்து நான்கு நாளில் இருநூறு குடும்பங்கள் தங்கள் விளக்கை இழந்தன. அந்த வீடுகளுக்கு இனி நான்தான் விளக்கு" என்றார்.

அந்தக் குரலைக் கேட்டதும் எனக்குக் கண் நிறைந்துவிட்டது. என் வீட்டைப் பற்றித்தான் பொய் சொல்கிறார் என்று தெரிந்தும் நிறைந்தது. லட்டைத் தின்னவும் முடியவில்லை, வெளியே போடவும் முடியவில்லை. எறும்பு வந்த பிறகுதான் எடுத்துப் போட்டேன்.

அக்டோபர் 4, வெள்ளி

பதிமூன்றாம் தேதி மாவட்டத் தலைநகரில் கல்யாண மண்டபத்தில் அண்ணன் நேரில் வந்து பணம் கொடுக்கிறாராம். வெள்ளை இல்லாமல், பளிச்சென்றும் இல்லாமல் ஒரு சேலை கட்டி வரச் சொன்னான் ஜெயக்கொடி. "பேச வேண்டாங்கா. கும்பிட்டாப் போதும். அழுக வந்தா அழுகலாம்."

அக்டோபர் 13, ஞாயிறு

வேன் ஆறு மணிக்கே வந்துவிட்டது. மண்டபத்தில் எல்லாருக்கும் ஒரு அட்டையை ஊக்கு வைத்துத் தோளில் குத்தினார்கள். எனக்கு 71. வரிசையாகப் பிளாஸ்டிக் நாற்காலி. அண்ணன் பத்து மணிக்கு வருவதாக இருந்தது, ஒரு மணி வரை வரவில்லை. எழுபத்து மூன்று பேர், ஆண்கள் ஆறேழு பேர்தான், மற்றதெல்லாம் பெண்கள். முதல் ஒரு மணி நேரம் யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை.

70 அட்டைக்காரி என்னைவிடச் சின்னவள். சாத்தூர்ப் பக்கம். வெற்றிலை இருக்கிறதா என்று கேட்டுப் பேச்சை ஆரம்பித்தாள். "ஒங்க வீட்ல நெஞ்சுவலியா?"

"ஆமா."

"நெசமாவே நெஞ்சுவலியா?"

"நெஞ்சுவலி நெசம்."

அவள் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். "எங்க வீட்ல சாராயங்க்கா. கைதுக்கு நாலு நாள் முன்னயே போயிட்டாரு. தேதிய அவுகளே மாத்திக்கிட்டாக." பின்னாலிருந்து ஒரு அம்மா சொன்னாள்: "எம்மவன் லாரில அடிபட்டான். செய்தி கேட்டுக்கிட்டே ரோட்டக் கடந்தான்னு எழுதியிருக்காக." இன்னொருத்தி, "எங்களுக்குப் பாம்பு" என்றாள். "பாம்பு கடிச்சதுக்கும் தலைவருக்கும் என்ன சம்பந்தம்னு கேட்டேன். அந்த அதிர்ச்சில பாம்ப மிதிச்சிட்டாருன்னு சொல்லிட்டாக."

எங்கள் வரிசையே குலுங்கியது. சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தோம். தூரத்திலிருந்து பார்த்த தொண்டர் ஒருவர் நாங்கள் அழுகிறோம் என்று நினைத்துத் தண்ணீர்ப் பாக்கெட் கொண்டுவந்தார். என் வீட்டுக்காரர் இறந்தபிறகு நான் மனிதர்களோடு உட்கார்ந்து இருந்தது அந்த அரை மணி நேரம்தான்.

முதல் வரிசையில் முதல் நாற்காலிக்காரி மட்டும் சிரிக்கவில்லை. இருபத்தைந்து வயதுகூட இருக்காது. தண்ணீர் குடிக்கப் போனபோது அவள் பக்கத்தில் நின்றேன். 1 என்று போட்டிருந்தது. அவளாகவே சொன்னாள்: "நீங்கள்லாம் பேசுறது கேட்டுச்சு. எங்க வீட்ல நெசந்தான். ஜெயில் வாசல்ல மண்ணெண்ணெய ஊத்திக்கிட்டாரு. எனக்குத் தகவலே மறுநாள்தான் தெரியும். பிள்ளைக்கு ஏழு மாசம்." அதற்கப்புறம் எனக்குச் சிரிப்பு வரவில்லை. வரிசைக்குத் திரும்பியும் நான் யாரிடமும் அதைச் சொல்லவில்லை.

அண்ணன் வந்தார். டிவியில் பார்ப்பதைவிடக் குள்ளம். கால் வீங்கியிருந்தது, செருப்பின் வாரை அவிழ்த்துவிட்டிருந்தார். ஒவ்வொருத்தரிடமும் நின்று உறையைக் கொடுத்து, கையைப் பிடித்து நகர்ந்தார். பக்கத்தில் ஒருவர் காகிதத்தைப் பார்த்து மெதுவாகப் பேரைச் சொல்லிக்கொண்டே வந்தார்.

என் முன்னால் நின்றதும், "குருசாமி, மில் தொழிலாளி" என்றார் காகிதக்காரர்.

"குருசாமி என் மேல எவ்வளவு பாசம் வச்சிருந்தா..." என்று அண்ணன் ஆரம்பித்தார்.

கும்பிடத்தான் கையைத் தூக்கினேன். வாய் பேசியது. "அண்ணே, அவரு ஒங்களுக்காகச் சாகல. ஒங்களக் கண்டா அவருக்கு ஆகாது. ஸ்ட்ரைக்குல ஒங்க போலீசுதான் அவரு கால ஒடச்சது. ஒங்களுக்காக ரோட்டுல உக்காந்து அழுதது நான். நான் அங்க உக்காந்திருக்கைல அவரு வீட்ல ஒத்தையாச் செத்துக் கெடந்தாரு."

அண்ணன் என்னையே பார்த்தார். "எந்த மில்லு?" என்றார். சொன்னேன். தலையை ஆட்டினார். ஞாபகம் வந்து ஆட்டினாரா, சும்மா ஆட்டினாரா தெரியாது. பிறகு என் தலையில் கையை வைத்தார்.

"நீ வந்தேல்ல தங்கச்சி. அது போதும்."

அதே குரல். வானொலியில் கேட்ட அதே குரல். நான் உடைந்து அழுதேன். அவர் தோளிலேயே சாய்ந்துவிட்டேன் என்று நினைக்கிறேன். பளிச் பளிச்சென்று போட்டோ எடுத்தார்கள். உறை என் கையில் இருந்தது. அவர் 72-க்குப் போய்விட்டார்.

அவர் கை தலையில் பட்டபோது எனக்கு எப்படி இருந்தது என்று எழுத மாட்டேன்.

அக்டோபர் 14, திங்கள்

பேப்பரில் முதல் பக்கம். அண்ணன் தோளில் என் முகம். 'கணவரின் தியாகத்தைச் சொல்லிக் கதறிய ராமுத்தாய். கண்கலங்கிய தலைவர்.'

அங்கன்வாடிக்குப் பிள்ளைகளை விட வந்த பெண்கள் என்னிடம் காட்டினார்கள். போட்டோ நன்றாக விழுந்திருக்கிறது டீச்சர் என்றார்கள். சூப்பர்வைசர் போன் செய்து, அரசு வேலையில் இருந்துகொண்டு இதெல்லாம் தேவையா என்றார்.

அக்டோபர் 20, ஞாயிறு

சங்கத்தில் இரங்கல் கூட்டம் நடக்கவில்லை. தோழர் சூசை இரண்டு தடவை தெருவில் எதிரே வந்தார். வணக்கம் சொன்னார். நிற்கவில்லை.

நவம்பர் 7, வியாழன்

பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே தியாகிகள் தூண் எழுப்புகிறார்கள். கறுப்புக் கல், மாவட்டத்து எழுபத்து மூன்று பேரும். தேர்தலுக்கு முன்னால் திறக்க வேண்டுமாம். ஜெயக்கொடி வீட்டுக்குப் போனேன்.

"பேர எடுத்துரு. பணத்தத் திருப்பித் தந்துர்றேன்."

"கல்லுல வெட்டியாச்சுக்கா."

"வேற கல்லு வைங்க."

"ஒரு ஆளு கொறஞ்சா எழுபத்திரண்டு. தலைவரு நம்ம மாவட்டத்துல எல்லா மேடையிலயும் எழுபத்து மூணுன்னு பேசிட்டாரு." அவன் உட்காரச் சொன்னான். என்னை நேராகப் பார்த்தான். "மண்டபத்துல நீ பேசுனது எனக்குத் தெரியும். மாவட்டம் என்னக் கூப்புட்டு நாக்கப் புடுங்குற மாதிரிக் கேட்டாரு. தலைவரே 'விட்டுருங்க, நல்ல பொண்ணு'ன்னு சொன்னதால தப்பிச்சேன். மலரு வேலையும் அதனாலதான் நிக்குது. திங்கக்கெழம வந்து சேரச் சொல்லியிருக்கு. இப்பச் சொல்லு. பேர எடுக்கவா?"

அவன் மிரட்டவில்லை. நிஜமாகவே கேட்டான். எழுதுகோலைக்கூடக் கையில் எடுத்து வைத்திருந்தான்.

நான் எழுந்து வந்துவிட்டேன். எடு என்று சொல்லவில்லை.

நவம்பர் 10, ஞாயிறு

தூணைப் போய்ப் பார்த்தேன். இன்னும் துணி போட்டு மூடவில்லை. 'குருச்சாமி' என்று ஒரு ச் கூடுதலாக வெட்டியிருக்கிறார்கள். கீழே, 'தலைவர் இல்லாத உலகில் வாழ மறுத்தவர்கள்.' பத்து வருஷம் கழித்து இந்த ஊர்ப் பிள்ளைகள் அதை எழுத்துக்கூட்டிப் படிப்பார்கள். என்னிடம் அ, ஆ படித்த பிள்ளைகள்தான் படிக்கும்.

நவம்பர் 11, திங்கள்

மலர் நேற்று சாயந்திரமே இரண்டு பையோடு வந்து சேர்ந்தாள். இன்று வேலைக்குப் போனாள். துணி மடிக்கிற வேலை. திரும்பி வந்தபோது முகம் தெளிவாக இருந்தது. கடையில் ஒருத்தி, "ஒங்கப்பா பெரிய மனுசர்" என்றாளாம். மலர் துணியை மடித்தபடி இருந்தாளாம்.

நவம்பர் 17, ஞாயிறு

கடைக்கு லீவு. பகலில் நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். மலர் அப்பாவின் சட்டைகளை யாருக்காவது கொடுக்கலாம் என்று மடித்துக்கொண்டிருந்தாள். சட்டைப் பையில் பீடிக்கட்டு, மாத்திரை அட்டை. மாத்திரை அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"அன்னைக்கு அப்பாவுக்கு ஒடம்பு முடியலன்னு ஒனக்குத் தெரியவே தெரியாதாம்மா?"

தோழர் சூசையிடம் 'அவரு பேசுறதில்லையே' என்று சொன்ன மாதிரி இவளிடமும் சொல்லியிருக்கலாம். இந்த டைரியிலும் இதுவரை அப்படித்தான் எழுதி வந்திருக்கிறேன்.

"பேசுனாரு" என்றேன்.

அவள் கை நின்றது.

"ஏழு மணிக்கு டிவில செய்தி. நான் தலை சீவிக்கிட்டு மறியலுக்குக் கெளம்பிட்டேன். செருப்பு மாட்டுறேன். அவரு நாற்காலில உக்காந்திருந்தாரு. 'ராமு, இன்னைக்குப் போகாத'ன்னாரு."

"அப்பாவா?"

"ஒம்பது வருசங் கழிச்சுப் பேசுற மொதப் பேச்சு. அதுவும் எங்கண்ணனுக்கு எதிராத்தானான்னு எனக்கு ஆத்திரம். நான் திரும்பிக்கூடப் பாக்கல மலரு. வேணும்னே கதவ அடிச்சுச் சாத்திட்டுப் போனேன்."

"நெஞ்சு வலிக்குதுன்னு சொன்னாரா?"

"சொல்லல."

"சொல்ல மாட்டாரு." சட்டையின் காலரை நீவினாள். "ராமுன்னா கூப்புட்டாரு? நான் கேட்டதே இல்லையே."

"ஒன் முன்னால கூப்புட மாட்டாரு."

அவள் முகம் கோணியது. சட்டையை அப்படியே போட்டுவிட்டு வாசல்படியில் போய் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். நான் போய்த் தொட்டேன். தோளை உதறினாள். இனி இவளும் என்னோடு பேசமாட்டாள், இவளும் பை கட்டுவாள் என்று நினைத்தேன். உலை கொதித்தது. சோறு வடித்தேன். பருப்பு இல்லை, ரசம் மட்டும் வைத்தேன்.

மூன்று மணிக்கு உள்ளே வந்து தட்டின் முன்னால் உட்கார்ந்தாள். கண் வீங்கியிருந்தது. என்னைப் பார்க்கவில்லை. சோறு போட்டேன். வழக்கம்போலப் பின்கட்டுக்குப் போய்விடலாம் என்று கால் தானாகத் திரும்பியது. போகவில்லை. எதிரில் உட்கார்ந்தேன்.

"ரசம் ஊத்தட்டா?"

பதில் இல்லை.

"ரசம் ஊத்தட்டா மலரு?"

தெருவில் பிரசார வேன் போயிற்று. எல்லா வீட்டுக்குள்ளும் அண்ணன் குரல் வந்தது. அது போய் முடிகிறவரை கரண்டியைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். பிறகு மறுபடியும் கேட்டேன்.

"மலரு, ரசம் ஊத்தட்டா?"

அவள் நிமிரவில்லை. வாயும் திறக்கவில்லை. விரலால் சோற்றின் நடுவில் ஒரு குழி செய்தாள்.